பளிங்குக்கு வேட்டி கட்டியவர்கள்

"கலையைக் கலையாப் பாருங்கப்பா. எல்லாத்துலயும் இதையே தேடினா எப்படி?"

கிரேக்க, ரோமானியச் சிற்பங்களைப் பற்றி எழுதும்போது தன்பால் ஈர்ப்பு என்ற சொல் வந்துவிட்டால் போதும், இந்த வாசகம் எங்கிருந்தாவது வந்து விழும். சொல்பவர் பெரும்பாலும் படித்தவர், இலக்கியம் அறிந்தவர். கோபப்படக்கூட மாட்டார், சலித்துக்கொள்வார், அவ்வளவுதான். அவர் வாதத்தைத் தொகுத்தால் மூன்று வரி. இரண்டாயிரம் ஆண்டு பழைய கல்லின் மீது இன்றைய அரசியலை ஏற்றுகிறீர்கள். அந்த உடல்கள் அழகின் இலக்கணம், ஆசையின் ஆவணம் அல்ல. 'குயர்' என்பது நேற்று வந்த சொல், அதை வைத்து நேற்றைக்கு முந்தைய உலகத்தை அளக்கக் கூடாது.

மூன்றும் கேட்க நியாயமாகத்தான் இருக்கின்றன. மூன்றுமே ஒரே அனுமானத்தின் மீது நிற்கின்றன: முதலில் இயல்பான, நடுநிலையான ஒரு பார்வை இருந்தது, குயர் வாசிப்பு பிறகு வந்து அதன்மேல் எதையோ பூசுகிறது. 'மறுவாசிப்பு' என்ற சொல்லிலேயே இந்த அனுமானம் ஒட்டிக்கொண்டிருக்கிறது. நான் கேட்பது ஒன்றுதான். அந்த முதல் வாசிப்பை எழுதியது யார்?

மென்பொருள் எழுதிப் பிழைப்பவன் என்ற முறையில் எனக்குப் பழக்கமான விஷயம் இது. ஒரு நிரலில் டீஃபால்ட் மதிப்பு என்று ஒன்றை வைத்துவிட்டால், கொஞ்ச நாளில் அதை யாரோ உட்கார்ந்து தேர்ந்தெடுத்தார்கள் என்பதே எல்லோருக்கும் மறந்துபோகும். இயற்கையாகவே அப்படித்தான் இருந்தது என்று நினைப்பார்கள். மாற்றச் சொல்பவன்தான் காரணம் சொல்ல வேண்டும், வைத்தவனை யாரும் கேட்கமாட்டார்கள். ஆனால் மாற்றங்களின் வரலாற்றைத் திறந்து பார்த்தால் பெயர், தேதி எல்லாம் இருக்கும். செவ்வியல் கலையிலும் அப்படித்தான்.

முதலில் திருத்தப்படாத ஒன்றைப் பார்ப்போம். பாரிஸ் லூவ்ர் அருங்காட்சியகத்தில் உறங்கும் ஹெர்மஃப்ரோடைட்டஸ் இருக்கிறது. 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரோமில் தோண்டியெடுத்த பளிங்குச் சிற்பம். காணாமல்போன ஒரு கிரேக்க மூலத்தின் ரோமானிய நகல் என்று கருதப்படுவது. குப்புறப் படுத்திருக்கும் ஓர் உடல். தலை கைகளின் மேல், காலில் சுற்றிய துணி. முதுகுப் பக்கமிருந்து வந்தால் இடுப்பின் வளைவு, தோள், கொண்டை என எல்லாமே ஒரு பெண் உறங்குகிறாள் என்கின்றன. சுற்றிக்கொண்டு மறுபக்கம் போனால் முலையும் இருக்கிறது, ஆண்குறியும் இருக்கிறது.

நமக்கு உடனே அர்த்தநாரி நினைவுக்கு வரும். ஆனால் அது வேறு. அர்த்தநாரியில் நெற்றியிலிருந்து பாதம் வரை கோடு கிழித்த மாதிரி வலம் ஆண், இடம் பெண். எது எங்கே முடிகிறது என்று சிற்பி சொல்லிவிடுகிறான். இங்கே கோடே கிடையாது. பார்ப்பவன் நடந்தால்தான் சிற்பம் நடக்கிறது. தான் பார்த்துக்கொண்டிருப்பது என்ன என்று நிச்சயமாக இருந்தவனை, நாலு அடி எடுத்துவைத்ததும் அந்த நிச்சயத்தை இழக்கச் செய்வதுதான் இதன் வடிவமைப்பே. எந்தப் பேராசிரியரும் வந்து இதில் குழப்பத்தைச் சேர்க்க வேண்டியதில்லை. அது உளியிலேயே இருக்கிறது.

ஏதோ ஒரு கிறுக்குச் சிற்பியின் விளையாட்டு என்றும் தள்ளிவிட முடியாது. ஒரே உருவத்தின் நகல்கள் ரோமின் போர்கேசே மாளிகையிலும், பலாட்ஸோ மாஸ்ஸிமோவிலும், ஃப்ளாரன்ஸின் உஃபிட்ஸியிலும் இருக்கின்றன. பிடித்திருந்ததால்தான் திரும்பத் திரும்பச் செய்தார்கள். தோண்டியெடுத்த பிறகு அதை வைத்திருந்தவர் ஷிப்பியோனே போர்கேசே, கத்தோலிக்கத் திருச்சபையின் கர்தினால். அவர் அதை மூடி வைக்கவில்லை. 1619இல் இளம் பெர்னினியை அழைத்து அதற்குப் பளிங்கிலேயே ஒரு மெத்தை செய்யச் சொன்னார். தொட்டால் அமுங்கும் என்று நினைக்கத் தோன்றும் அந்த மெத்தையில்தான் இன்றும் அது படுத்திருக்கிறது. இந்த உடலைப் பார்த்துக் கூச்சப்படுவது காலங்காலமாக வந்த மரபு என்பவர்கள் கர்தினாலிடம் கேட்டுப் பார்க்கலாம்.

திருத்தப்பட்டதற்கு வருவோம்.

நேப்பிள்ஸ் தொல்லியல் அருங்காட்சியகத்தில் இரண்டு ஆண்கள் நிர்வாணமாக, வாளோடு பாய்கிற நிலையில் நிற்கிறார்கள். ஹார்மோடியஸ், அரிஸ்டோகெய்டன். கி.மு. 514இல் ஏதென்ஸை ஆண்ட ஹிப்பியாஸின் தம்பி ஹிப்பார்க்கஸைக் கொன்றவர்கள். ஏதென்ஸின் சந்தை வெளியில் முதன்முதலில் சிலை வைக்கப்பட்ட மனிதர்களில் இவர்கள் இருவரும் அடக்கம். அந்தச் சிலைகளைப் பாரசீகர்கள் கொண்டுபோய்விட, கி.மு. 477 வாக்கில் கிரிட்டியோஸ், நெசியோட்டஸ் என்ற இருவர் புதிதாகச் செய்து கொடுத்தார்கள். நேப்பிள்ஸில் இருப்பது அதன் ரோமானிய நகல். ஜனநாயகத்தின் முதல் நினைவுச்சின்னம் என்று பாடப்புத்தகங்கள் இதைச் சொல்லும்.

துசிடிடிஸ் என்ன சொல்கிறார்? கிரேக்க வரலாற்றாசிரியர்களில் கறாரானவர் அவர். அவர் கணக்குப்படி இது ஒரு காதல் விவகாரத்தில் தொடங்கியது. ஹார்மோடியஸ் அழகான இளைஞன், அரிஸ்டோகெய்டன் அவன் காதலன். ஹிப்பார்க்கஸ் ஹார்மோடியஸை நெருங்க முயன்று மறுக்கப்படுகிறான். பழிவாங்க, ஹார்மோடியஸின் தங்கையை ஊர்வலத்தில் கூடை ஏந்த அழைத்துவிட்டு, தகுதியில்லை என்று அவமானப்படுத்தித் திருப்பி அனுப்புகிறான். அதன் பிறகுதான் வாள். சிற்பத்திலேயே இந்த உறவு எழுதியிருக்கிறது. அரிஸ்டோகெய்டனுக்குத் தாடி, ஹார்மோடியஸுக்கு இல்லை. ஏதென்ஸ்காரன் பார்த்த மாத்திரத்தில் புரிந்துகொண்டிருப்பான்: மூத்தவன் காதலன், இளையவன் காதலிக்கப்படுபவன்.

இந்த இருவரும் நவீன ஐரோப்பாவுக்கு வந்தபோது என்ன ஆனார்கள் தெரியுமா? ஃபர்னேசே குடும்பத்தின் சேகரிப்பில் கிளாடியேட்டர்கள் ஆனார்கள். சம்பளத்துக்குச் சண்டை போடும் இரண்டு முரடர்கள். 1859இல் கார்ல் ஃப்ரீடரிக்ஸ் என்ற ஜெர்மானிய அறிஞர்தான் இவர்கள் யாரென்று அடையாளம் கண்டார். இதில் சதி எதுவும் இல்லை, ஒத்துக்கொள்கிறேன். உடைந்த சிலைகள், தகவல் இல்லை. ஆனால் தகவல் இல்லாத இடத்தில் மனம் எதை இட்டு நிரப்புகிறது என்று கவனியுங்கள். இரண்டு ஆண் உடல்கள் அருகருகே இருந்தால் அது சண்டையாகத்தான் இருக்க வேண்டும். டீஃபால்ட் என்று நான் சொன்னது இதைத்தான்.

சதி இருந்த இடமும் உண்டு. மைக்கலாஞ்சலோ காலத்தால் செவ்வியல் கலைஞர் அல்ல. ஆனால் பண்டைய சிற்பங்களைப் பார்த்து ஆண் உடலைக் கற்றவர், அந்தக் கண்ணை ஐரோப்பாவுக்குத் திரும்பக் கொடுத்தவர். தொம்மாஸோ தே காவாலியேரி என்ற இளைஞனுக்கு அவர் காதல் கவிதைகள் எழுதினார். 1623இல் அவருடைய சகோதரன் பேரன் அவற்றைப் புத்தகமாக்கினார். ஆண்பால் இருந்த இடத்தில் பெண்பால். 'ஃபைண்ட் அண்ட் ரீப்ளேஸ்' போட்ட மாதிரி. மூலப் பிரதிகளின் அடிப்படையிலான பதிப்பு இத்தாலியில் 1863இல்தான் வந்தது. இருநூற்று நாற்பது ஆண்டுகள் உலகம் படித்தது திருத்தப்பட்ட மைக்கலாஞ்சலோவை. இப்போது சொல்லுங்கள், மறுவாசிப்பு எது? 1623 செய்ததா, 1863 செய்ததா?

1878இல் ஜான் ஆடிங்டன் சிமண்ட்ஸ் ஆண்பாலை ஆண்பாலாகவே வைத்து அந்தக் கவிதைகளை ஆங்கிலத்தில் கொண்டுவந்தார். அதே சிமண்ட்ஸ் கிரேக்கர்களின் ஆண் காதலைப் பற்றி ஒரு நீண்ட கட்டுரை எழுதி 1883இல் அச்சிட்டார். எத்தனை பிரதிகள்? பத்து. அதற்கு மேல் அச்சடிக்க இங்கிலாந்தில் அவருக்குத் துணிச்சல் வரவில்லை, வரவும் முடியாது. நூற்றுக்கணக்கான அறிஞர்கள் வெளிப்படையாக எழுதிய ஒரு வாசிப்பையும், பத்துப் பிரதிகளில் ஒளிந்துகொண்ட ஒரு வாசிப்பையும் எடைபோட்டு, "பாருங்க, இந்தப் பக்கம் ஆதாரமே இல்ல, எல்லாம் புதுசா கிளப்பினது" என்பது நேர்மையான தராசா?

மற்ற திருத்தங்கள் இன்னும் வெளிப்படையானவை. வத்திக்கானின் நிர்வாணச் சிலைகளுக்கு அத்தி இலை ஒட்டினார்கள். பொம்பேயிலிருந்தும் ஹெர்குலேனியத்திலிருந்தும் கிடைத்த பாலியல் சார்ந்த பொருட்களையெல்லாம் 1819இல் நேப்பிள்ஸில் தனி அறையில் போட்டுப் பூட்டினார்கள். இடையில் சில காலம் திறந்தும் மூடியும் வந்த அந்த 'ரகசிய அறை' பொதுமக்களுக்கு முறையாகத் திறக்கப்பட்டது 2000இல். ஆணும் ஆணும் கூடும் காட்சிகள் கொண்ட வாரன் கோப்பை என்ற வெள்ளிக் கிண்ணத்தை 1953இல் அமெரிக்கச் சுங்கத்துறை நாட்டுக்குள் விடவில்லை. 1950களில் பிரிட்டிஷ் மியூசியத்துக்கும் அது வந்தது, அறங்காவலர்கள் ஏற்கமாட்டார்கள் என்று கைவிட்டார்கள். 1999இல் அதே மியூசியம் 18 லட்சம் பவுண்டு கொடுத்து அதை வாங்கியது. அதன் தொன்மையைச் சந்தேகிக்கும் அறிஞர்களும் உண்டு, அந்த விவாதம் நடக்கட்டும். ஆனால் 1953இல் சுங்க அதிகாரி அதைத் தடுத்தது தொன்மையில் சந்தேகம் வந்து அல்ல.

சரி, "கலையைக் கலையாகப் பார்ப்பது" என்ற அந்தத் தூய பார்வைக்கே வருவோம். அதற்கும் ஒரு ஆசிரியர் இருக்கிறார். யோஹான் யோவாகிம் வின்கெல்மன். 1717இல் ஜெர்மனியின் ஸ்டெண்டாலில் ஒரு செருப்புத் தைப்பவரின் மகனாகப் பிறந்தவர். 1764இல் வந்த அவருடைய பண்டைக் கலை வரலாற்றிலிருந்துதான் கலை வரலாறு என்ற துறையே தொடங்குகிறது என்பார்கள். எளிமை, அமைதி, சலனமற்ற பெருமிதம் என்று கிரேக்கச் சிற்பத்தைப் பற்றி நாம் ஒப்பிக்கிற எல்லாமே அவரிடமிருந்து வந்தவை. வத்திக்கானின் அப்பல்லோ பெல்வெடேர் சிலையை அவர் வர்ணித்திருக்கும் பக்கங்களைப் படித்தால் அது அளவுகோல் வைத்து எழுதியதல்ல என்று யாருக்கும் தெரியும். பார்த்து மூச்சு நின்றுபோன ஒருவன் எழுதியது. அவர் ஆண்களை நேசித்தவர். அவர் கடிதங்களில் இருக்கிறது, அவர் காலத்தவர்களுக்கும் தெரியும், கதே 1805இல் அவரைப் பற்றி எழுதியபோது அதை மறைக்கவும் இல்லை.

இதில் உள்ள முரணை ரசிக்காமல் இருக்க முடியவில்லை. ஆண் உடலை ஆசையோடு பார்த்த ஒருவர், அந்த ஆசையை நேரடியாகச் சொல்ல முடியாத உலகில், அதை 'இலட்சிய அழகு' என்ற மொழியாக மாற்றினார். பின்னால் வந்தவர்கள் மொழியை எடுத்துக்கொண்டார்கள், ஆசையைக் கழித்துவிட்டார்கள். இன்று அதே மொழியைக் கையில் வைத்துக்கொண்டு, ஆசையைப் பற்றிப் பேசுகிறவனைப் பார்த்து "நீ கலையை அசுத்தப்படுத்துகிறாய்" என்கிறார்கள். அவர் போட்ட நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு அவரையே வெளியே போகச் சொல்வது.

அடுத்து, சொல் புதிது என்ற வாதம். உண்மைதான். தன்பால் ஈர்ப்பைக் குறிக்கும் 'ஹோமோசெக்ஷுவல்' என்ற சொல்லைக் கார்ல் மரியா கெர்ட்பெனி என்பவர் உருவாக்கினார், 1868இல் ஒரு கடிதத்தில். ஆகவே ஹார்மோடியஸை அப்படி அழைப்பது காலவழு. ஏற்கிறேன். ஆனால் அதே கடிதத்தில் அதே ஆள் உருவாக்கிய இன்னொரு சொல் 'ஹெட்டரோசெக்ஷுவல்'. இரண்டும் ஒரே பிரசவத்தில் பிறந்த இரட்டைப் பிள்ளைகள். ஒன்றைக் காட்டி "இது அன்றைக்கு இல்லை" என்று கறாராகச் சொல்பவர், மற்றதை மட்டும் ஆதிமுதல் இருந்த இயற்கை விதி போலப் பயன்படுத்துவது என்ன நியாயம்? காலவழுவைத் தவிர்க்க வேண்டுமென்றால் இரண்டையும் எடுங்கள். இரண்டையும் எடுத்தபின் மிஞ்சுவது, ஆண் உடலின் அழகைப் பொதுவெளியில் பேசவும் ஏங்கவும் வெட்கப்படாத ஒரு பண்பாடு. அதற்கு 'சாதாரணம்' என்று பெயர் வைக்க முடியாது என்பதுதான் பிரச்சினை.

இவ்வளவும் ஒரு பக்கத்துக்கு. இனி என் பக்கம் நிற்பவர்களோடும் கொஞ்சம் சண்டை போட வேண்டியிருக்கிறது.

அழித்ததை மீட்பதுதான் குயர் வாசிப்பு என்றால், மீட்கும்போது பிடித்ததை மட்டும் பொறுக்கக் கூடாது. அந்தினூஸை எடுத்துக்கொள்ளுங்கள். பேரரசர் ஹேட்ரியனின் காதலன், பித்தினியாவைச் சேர்ந்த இளைஞன், கி.பி. 130இல் நைல் நதியில் மூழ்கி இறந்தவன். ஹேட்ரியன் அவன் பெயரில் ஒரு நகரமே எழுப்பினார், அவனைக் கடவுளாக்கினார், பேரரசு முழுக்கச் சிலைகள் வைத்தார். எத்தனையோ சிலைகள் இன்றும் இருக்கின்றன. சுருள் முடி, தாழ்ந்த பார்வை, அகன்ற மார்பு என்று எங்கே பார்த்தாலும் அடையாளம் தெரியும். இன்று அவனை அமர காதலின் சின்னமாக்கி டீ-ஷர்ட்டில் போடுகிறார்கள். நல்லது. ஆனால் உலகின் ஆகப்பெரிய அதிகாரம் கொண்டவருக்கும் ஒரு மாகாணத்துப் பையனுக்கும் நடுவில் 'வேண்டாம்' என்ற சொல்லுக்கு எவ்வளவு இடமிருந்தது? அந்த நூற்றுக்கணக்கான முகங்களில் ஒன்றுகூட அவன் சொன்னதை நமக்குச் சொல்லவில்லை. அத்தனையும் ஹேட்ரியனின் துக்கம்.

வாரன் கோப்பையிலும் ஒரு கதவு இருக்கிறது. அதைப் பாதி திறந்து ஓர் அடிமைச் சிறுவன் எட்டிப்பார்க்கிறான். கட்டிலில் இருப்பவர்களைப் பற்றி எழுதுகிறவர்கள் அந்தக் கதவைப் பற்றியும் எழுத வேண்டும். ரோமானியச் சட்டத்துக்கு அங்கே முக்கியமான கேள்வி ஆணா பெண்ணா என்பதல்ல, சுதந்திரமானவனா அடிமையா என்பதே.

எல்லாவற்றையும்விடக் கசப்பானது ஹெர்மஃப்ரோடைட்டஸின் கதை. அந்தச் சிற்பத்தைத் தோட்டத்தில் வைத்து ரசித்த ரோமானியர்கள், ஆணென்றோ பெண்ணென்றோ தெளிவாகச் சொல்ல முடியாத குழந்தை உண்மையில் பிறந்தபோது என்ன செய்தார்கள்? லிவி எழுதியிருக்கிறார். அபசகுனம் என்று கடலில் விட்டார்கள். கல்லில் இருந்தால் அழகு, தொட்டிலில் இருந்தால் அபசகுனம். அர்த்தநாரியை வணங்கிவிட்டுக் கோயில் வாசலில் நிற்கும் திருநங்கையைக் கண்டு முகம் திருப்பும் நமக்கு இது புரியாத விஷயமா என்ன? ஆகவே பழைய சிற்பத்தைக் காட்டி "அந்தக் காலம் பொற்காலம்" என்று எழுதாதீர்கள். சிற்பம் சகிப்புத்தன்மைக்குச் சான்றிதழ் அல்ல. அது ஒன்றே ஒன்றைத்தான் நிரூபிக்கிறது: இப்படிப்பட்ட உடல்களும் ஆசைகளும் புதியவை அல்ல, அவற்றை அழகென்று காணக்கூடிய கண்ணும் புதியதல்ல.

அந்த ஒன்று போதும். ஏனென்றால் 'புதியது', 'இயற்கைக்கு மாறானது' என்ற சொற்களை வைத்துத்தான் மனிதர்களைச் சிறையில் போட்டார்கள்.

இந்த இடத்தில் கதை நம்மூருக்கு வருகிறது. 1834 ஜூனில் சென்னையில் கப்பலிறங்கி, உதகமண்டலத்தில் இருந்த கவர்னர் ஜெனரலைப் பார்க்க மலையேறினார் தாமஸ் மெக்காலே. இந்தியாவுக்குச் சட்டம் எழுத வந்தவர். கிரேக்க, லத்தீன் நூல்களில் ஊறியவர். கப்பலிலும் படித்தார், இந்தியாவில் இருந்த ஆண்டுகளிலும் படித்துத் தள்ளினார். துசிடிடிஸ் அவருக்கு ஆகப்பிடித்த வரலாற்றாசிரியர். அதாவது ஹார்மோடியஸ், அரிஸ்டோகெய்டன் கதையை மூல மொழியிலேயே அறிந்தவர். 1837இல் அவருடைய ஆணையம் தந்த குற்றவியல் சட்ட வரைவில் இந்த விஷயத்துக்கு இடமிருந்தது. மற்ற பிரிவுகளுக்கெல்லாம் விரிவாக விளக்கம் எழுதியவர்கள், இதைப் பற்றி மட்டும் பொது விவாதமே எழக் கூடாது என்பதால் விளக்க விரும்பவில்லை என்று குறிப்பெழுதி முடித்துக்கொண்டார்கள். அந்த வரைவு மாறி, திருத்தப்பட்டு, 1860இல் சட்டமானபோது வந்ததுதான் பிரிவு 377. 'இயற்கையின் ஒழுங்குக்கு' மாறான உடலுறவு என்று அது பேசியது. 2018 செப்டம்பர் 6 அன்று உச்ச நீதிமன்றம் நவ்தேஜ் சிங் ஜோஹர் வழக்கில், வயதுவந்தவர்கள் இசைந்து கொள்ளும் உறவை அதன் பிடியிலிருந்து விடுவிக்கும் வரை, 158 ஆண்டுகள்.

அறியாமையில் எழுதப்பட்ட சட்டமல்ல இது. தெரிந்தவர்கள் எழுதியது. வகுப்பில் கிரேக்கம், சட்டப் புத்தகத்தில் மௌனம். சிமண்ட்ஸ் பத்துப் பிரதி அச்சடித்ததும், சிலைக்கு இலை ஒட்டியதும், கவிதையில் பால் மாற்றியதும், பேசவே வேண்டாம் என்று சட்டம் எழுதியதும் ஒரே பழக்கத்தின் வேறு வேறு கிளைகள். அந்தப் பழக்கத்துக்குத்தான் இன்று 'நடுநிலை' என்று பெயர். குயர் வாசிப்பு மேற்கிலிருந்து இறக்குமதி என்று சொல்கிறவர்கள் நம்மிடையே நிறைய உண்டு. இறக்குமதி நடந்தது உண்மைதான். கப்பலில் வந்தது அத்தி இலை.

2023இல் அதே உச்ச நீதிமன்றம் தன்பால் திருமணத்தை அங்கீகரிக்க மறுத்தது. வழக்கின்போது 'இந்திய மரபு', 'இயற்கை' என்று எவ்வளவோ பேசப்பட்டது. கலையைப் பற்றிய சண்டை வேறு, சட்டத்தைப் பற்றிய சண்டை வேறு என்று பிரித்துவிட முடியாததற்குக் காரணம் இதுதான். எது பழையது, எது இயல்பு என்று முடிவு செய்கிறவர்கள் அதற்கான படங்களை அருங்காட்சியகத்திலிருந்தும் பாடப்புத்தகத்திலிருந்தும்தான் எடுக்கிறார்கள். அங்கே இருக்கும் படம் வெட்டப்பட்ட படம் என்றால், அதன் அடிப்படையில் வரும் தீர்ப்பும் அப்படித்தான் இருக்கும்.

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. சிலைக்கு வானவில் கொடி போர்த்த வேண்டாம். ஹார்மோடியஸின் பீடத்துக்குக் கீழே இருக்கும் அட்டையில் 'கொடுங்கோலனைக் கொன்றவர்கள்' என்பதோடு 'காதலர்கள்' என்ற ஒரு சொல்லைச் சேருங்கள், துசிடிடிஸ் சொன்னதுதான். அந்தினூஸின் அட்டையில் 'பேரரசருக்கு நெருக்கமானவர்' என்று மழுப்பாமல் எழுதுங்கள், அந்த உறவில் இருந்த அதிகாரத்தையும் சேர்த்தே எழுதுங்கள். ஹெர்மஃப்ரோடைட்டஸைச் சுவரோடு ஒட்டி ஒரு பக்கம் மட்டும் தெரிகிற மாதிரி யாராவது படமெடுத்துப் போட்டால், மறுபக்கப் படத்தையும் போடச் சொல்லுங்கள்.

கலையைக் கலையாகப் பார்க்கச் சொல்கிறவரிடம் எனக்குச் சண்டையே இல்லை. பாருங்கள், தாராளமாகப் பாருங்கள். ஆனால் முழுசாகப் பாருங்கள். ஒரு பக்கம் நின்றுகொண்டு மறுபக்கம் இல்லை என்று சொல்லாதீர்கள். நாலு அடி நடந்தால் தெரிந்துவிடும்.